அப்பாவுக்கு 75 கிராம், சித்தப்பாவுக்கு 140 கிராம்

எங்கள் வீட்டில் கிட்னி பாதித்தவர்கள் இரண்டு பேர், அப்பாவும் சித்தப்பாவும். அப்பாவுக்கு நான்காம் நிலை; பிரஷரைப் பல வருடம் கண்டுகொள்ளாமல் விட்டதில் வந்தது. டயாலிசிஸ் வரைக்கும் இன்னும் போகவில்லை. சித்தப்பாவுக்குச் சர்க்கரையால் வந்தது. வாரம் மூன்று நாள் டயாலிசிஸ். இருவரும் சேலம் செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிப் பட்டறை வைத்துக் கொலுசு செய்தவர்கள். ஞாயிற்றுக்கிழமை கறி எடுக்கவில்லை என்றால் அன்று ஞாயிறு என்றே ஒப்புக்கொள்ள மாட்டார்கள். பட்டறையை விட்டுவிட்டார்கள், கறியையும் விடச் சொன்னபோது இருவருக்கும் முகமே விழுந்துவிட்டது. அந்த இழுபறியில்தான் கோழி சாலட் எங்கள் அடுப்படிக்கு வந்தது.

"காயை நறுக்கித் தட்டுல வெச்சா அது சமையலா பாப்பா?" என்று அப்பா கேட்டார். நியாயமான கேள்விதான். அவருக்குப் பதில் சொல்லும் முயற்சியில் உருவானதுதான் இப்போது நாங்கள் செய்கிற சாலட். உங்கள் வீட்டிலும் யாருக்காவது கிட்னிப் பிரச்சினை இருந்தால் உதவட்டும் என்று எழுதுகிறேன். நான் டாக்டர் இல்லை, பட்டறைக்காரர் மகள். இங்கே வரும் அளவுகள் எங்கள் வீட்டு இரண்டு ரிப்போர்ட்டுகளைப் பார்த்து டயட்டீஷியன் போட்டுக் கொடுத்தவை. உங்கள் ரிப்போர்ட் வேறு, அதனால் அளவும் வேறாக இருக்கும். அதை டாக்டரிடம் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

கிட்னிக்கு ஏற்ற சாலட் வேறு, ஊரெல்லாம் 'ஹெல்த்தி' என்று கொண்டாடுகிற சாலட் வேறு. ஜிம்முக்குப் போகிற என் தம்பியிடம் கேட்டால் கோழிக்கறியோடு அவகாடோ, தக்காளி, பசலைக்கீரை, முளைகட்டிய பயறு, பாதாம், பூசணி விதை என்று அடுக்குவான். கிட்னி நன்றாக இருக்கிறவனுக்கு அருமையான சாப்பாடு. அப்பாவுக்கு அந்தத் தட்டில் இருப்பது முக்கால்வாசி பொட்டாசியமும் பாஸ்பரஸும்தான். கிட்னி சரியாக வேலை செய்தால் மிச்சமான பொட்டாசியம் சிறுநீரில் போய்விடும். வேலை குறைந்தால் ரத்தத்திலேயே தங்கும். ரிப்போர்ட்டில் அது 3.5 முதல் 5 வரை இருந்தால் சரி. நன்றாக ஏறிவிட்டால் இதயத் துடிப்பு தடுமாறும். பல நேரம் வெளியே ஒன்றுமே தெரியாது. அப்பாவுக்கு ஒரு தடவை 5.7 வந்தது, ஆள் திண்ணையில் உட்கார்ந்து சாவகாசமாகப் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

அதற்காகக் கிட்னி நோய் என்றதுமே எல்லாரும் தக்காளியைக் கண்டு ஓட வேண்டியதில்லை. பொட்டாசியம் ஏறாதவர்களுக்குக் காய்கறி, பழத்தைத் தடுக்க வேண்டியதில்லை என்றுதான் டாக்டர்களே சொல்கிறார்கள். ஏறியவர்களுக்குத்தான் இந்தக் கணக்கெல்லாம். அப்பா அந்த வகை.

பக்கத்து வீட்டு அக்காவுக்கு ஏற்காட்டில் சொந்தக்காரர்கள் உண்டு. சீசனில் ஒரு பை நிறையப் பட்டர் ஃப்ரூட், அதாவது தம்பி சொன்ன அதே அவகாடோ, வந்துவிடும். "அப்பாவுக்குக் குடு கண்ணு, நல்ல கொழுப்பு, கிட்னிக்கு அத்தனை நல்லது" என்பார். பட்டர் ஃப்ரூட் சதையில் 100 கிராமுக்குச் சுமார் 480 மில்லிகிராம் பொட்டாசியம். பெரிய பழமாக இருந்தால் சதை மட்டுமே 200 கிராம் தேறும். நான் கீழே சொல்லப்போகிற கோழி சாலட் ஒரு முழுத் தட்டே கோழியோடு சேர்த்து 400 மில்லிகிராமைச் சுற்றித்தான் வரும். அக்காவின் அன்பை மில்க் ஷேக் அடித்துப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிடுகிறோம்.

வாழைத்தண்டுச் சாறும் அப்படித்தான். கிட்னியில் கல் இருப்பவர்களுக்குச் சொல்கிற வைத்தியத்தைக் கிட்னி செயலிழக்கிறவருக்கும் சொல்லிவிடுகிறார்கள். இரண்டும் ஒரே உறுப்பு, வேறு வேறு நோய். பச்சைச் சாறாகக் குடித்தால் பொட்டாசியம் அப்படியே உள்ளே போகும். இளநீரும் அதே கதை. பழ வண்டிகளில் நட்சத்திர வடிவில் வெட்டி மிளகாய்த்தூள் தூவிக் கொடுப்பார்களே, அந்த ஸ்டார் ஃப்ரூட் இவற்றையெல்லாம் விட மோசம். அதில் இருக்கிற ஒரு நச்சுப் பொருளைக் கிட்னிதான் வெளியேற்ற வேண்டும். முடியாதவர்களுக்கு நிற்காத விக்கல், குழப்பம், வலிப்பு வரை போகும். அதில் மட்டும் 'ஒரு துண்டு பரவாயில்லை' என்கிற பேச்சே வேண்டாம்.

ஏற்காடு இருக்கிற சேர்வராயன் மலையிலிருந்து அப்பாவுக்காக நாங்கள் இறக்குவது இரண்டு: மிளகும் பேரிக்காயும். பேரிக்காயில் 100 கிராமுக்கு 115 மில்லிகிராம்தான். 1820-களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன்தான் சேர்வராயன் மலைக்குக் காப்பியோடு பேரி, ஆப்பிளையெல்லாம் கொண்டுவந்தவர் என்பார்கள். எங்கள் சாலட்டில் அவருக்கும் ஒரு பங்கு உண்டு.

இனி அளவு. அப்பாவுக்கு 60 கிலோ எடை. டயாலிசிஸ் இல்லாத, நோய் முற்றிய நிலையில் ஒரு கிலோ எடைக்கு 0.8 கிராம் புரதம் என்று போட்டார்கள். ஒரு நாளைக்கு 48 கிராம் வருகிறது. புரதம் உடைந்து வரும் கழிவை வெளியேற்றுவது கிட்னியின் வேலை. அதன் சுமையைக் குறைக்கத்தான் இந்த வரம்பு. நம் சாப்பாட்டில் புரதமே இல்லை என்று நினைத்துக்கொண்டிருப்போம். காலையில் நாலு இட்லி, மதியம் இரண்டு கப் சோறு, கொஞ்சம் சாம்பார், மோர், இரண்டு வேளை காப்பி என்று கூட்டிப் பார்த்தால் அதிலேயே 30 கிராம் போய்விடுகிறது. கோழிக்கு மிஞ்சுவது 17, 18 கிராம். எலும்பு, தோல் நீக்கிய நெஞ்சுக்கறி பச்சையாக 75 கிராம் எடுத்தால் அதில் கிட்டத்தட்ட 17 கிராம் புரதம். வெந்த பிறகு அது 55 கிராமாகச் சுருங்கிவிடும். பச்சையாக எடை போடுகிறீர்களா, வேகவைத்த பிறகா என்று முதலிலேயே முடிவு செய்துகொள்ளுங்கள். வெந்த கறியை 75 கிராம் வைத்தால் புரதம் 22, 23 கிராமுக்குப் போய்விடும்.

எடை போடுவதில் எங்களுக்கு ஒரு வசதி. பட்டறையில் இருந்த சின்ன எலக்ட்ரானிக் தராசு அப்பாவிடம் இன்னும் இருக்கிறது. கிராமில் நூறில் ஒரு பங்கு வரை காட்டும். வெள்ளித் துகள் எடை போட்ட தராசைத் துடைத்து, எவர்சில்வர் தட்டு வைத்துப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்து, கோழித் துண்டை ஒவ்வொன்றாக வைப்பார். 76 காட்டினால் ஒரு ஓரத்தைக் கிள்ளி எடுப்பார். 74 என்றால் அந்த ஓரம் திரும்ப வரும். 'கறியைக் குறைச்சுக்கோங்க அப்பா' என்று சொன்னபோதெல்லாம் சண்டை போட்ட மனுஷன், 75 கிராம் என்று சொன்னதும் சண்டையை நிறுத்திவிட்டார். அவர் வாழ்க்கை முழுக்கக் கிராம் கணக்கில்தான் ஓடியது. உங்கள் வீட்டில் வெள்ளித் தராசு இருக்காது. கடைகளில் கிடைக்கிற சாதாரணச் சமையல் தராசு போதும். ஆனால் தராசு வேண்டும். கண்ணளவில் எல்லாருமே கூடுதலாகத்தான் வைக்கிறோம்.

சித்தப்பா கதை தலைகீழ். மாடி வீட்டில் இருக்கிறார்கள். டயாலிசிஸ் ஆரம்பிப்பதற்கு முன் அவருக்கும் புரதத்தைக் குறைக்கச் சொல்லியிருந்தார்கள். டயாலிசிஸ் ஆரம்பித்த பிறகும் சித்தி அதே பழைய தாளை ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டி வைத்து, கஞ்சியும் சுரைக்காய்க் கூட்டுமாகக் கொடுத்துக்கொண்டிருந்தார். மனுஷன் உருகிக்கொண்டே வந்தார், ரத்தத்தில் இருக்கிற ஆல்புமின் என்கிற புரதமும் இறங்கியது.

"அவருக்குத்தான் கறியே தொடக் கூடாதுன்னாங்களே கண்ணு?"

"அது டயாலிசிஸ்க்கு முன்னாடி சித்தி. இப்ப கூட்டிக் குடுக்கணும்."

சித்தி நம்பவே இல்லை. டயட்டீஷியன் வாயால் கேட்ட பிறகுதான் நம்பினார். ஒவ்வொரு டயாலிசிஸிலும் கழிவோடு சேர்ந்து புரதத்தின் கூறுகளும் கொஞ்சம் வெளியே போகின்றன. அதை ஈடுகட்டக் கிலோவுக்கு 1 முதல் 1.2 கிராம் வரை தேவை. சித்தப்பாவின் 62 கிலோவுக்கு ஒரு நாளைக்கு 62 முதல் 74 கிராம். அதனால் அவர் தட்டுக்குப் பச்சைக் கறி 140 கிராம். ஒரே சட்டியில் வேகிற கோழிதான். தட்டுக்கு வரும்போது தம்பிக்கு அண்ணனைப் போல ஏறக்குறைய இரண்டு பங்கு. அப்பா இதை இன்றைக்கு வரைக்கும் மனதார ஏற்றுக்கொள்ளவில்லை. ஒருவருக்கு எழுதிக் கொடுத்த சாப்பாட்டுத் தாளை இன்னொருவருக்கு ஜெராக்ஸ் எடுத்துக் கொடுக்காதீர்கள் என்பதை எங்கள் வீட்டு மாடிக்கும் கீழ் வீட்டுக்கும் இடையிலேயே நான் பார்த்துவிட்டேன்.

கோழி வாங்கும்போது கடையில் தோலுரித்த நெஞ்சுக்கறியைப் புதிதாக வெட்டி வாங்குங்கள். உறைந்த நக்கெட்ஸ், சாசேஜ், மசாலா தடவிய பாக்கெட் எதுவும் வேண்டாம். அவற்றில் உப்பு ஒரு பக்கம்; ஈரப்பதம் நிற்பதற்காகச் சேர்க்கிற பாஸ்பேட் இன்னொரு பக்கம். பருப்பு, தானியத்தில் இருக்கிற பாஸ்பரஸில் பாதியளவுதான் உடம்பில் ஏறும். இப்படிச் சேர்த்த பாஸ்பேட் ஏறக்குறைய முழுதாக ஏறிவிடும். பாக்கெட்டைத் திருப்பிச் சேர்மானப் பட்டியலில் 'பாஸ்' (phos) என்கிற எழுத்துகள் எங்காவது இருக்கின்றனவா என்று பாருங்கள். இருந்தால் கீழே வைத்துவிடலாம். சித்தப்பாவுக்கு இரவெல்லாம் உடம்பு அரித்ததற்குப் பாஸ்பரஸ் ஏறியதும் ஒரு காரணம் என்று சொன்னார்கள்.

வேகவைக்கும் முறைதான் இதில் முக்கியம். கறியைக் கட்டை விரல் அளவுக்கு வெட்டி, கறியைப் போல நாலு மடங்கு தண்ணீர் வைத்து, தட்டின இஞ்சி, பூண்டு, பத்து மிளகு, பட்டை இலை போட்டு, உப்பே போடாமல் மிதமான தீயில் வேகவைக்கிறோம். குக்கரில் வேண்டாம். மேலே வருகிற நுரையைக் கரண்டியால் எடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். துண்டை அழுத்தினால் நார் பிரிகிற பதத்தில் இறக்கி, தண்ணீரை வடித்துக் கொட்டிவிடுகிறோம். அம்மாவுக்கு இன்னமும் கை வராது. "சாறு பூரா அதுல போகுதே" என்பார். போக வேண்டும் என்றுதான் அம்மா அத்தனை தண்ணீர் வைக்கிறோம். பொட்டாசியமும் பாஸ்பரஸும் கணிசமாக அந்தத் தண்ணீரில் இறங்கிவிடுகின்றன. அதைச் சூப் என்று குடித்தால் இவ்வளவு வேலையும் வீண். சளி பிடித்தால் எலும்பு சூப் என்கிற பழக்கத்தையும் இதோடு சேர்த்து விட வேண்டியிருந்தது.

வேகவைத்த கோழி வெறுமனே சாப்பிட்டால் ஈரப் பஞ்சை மெல்லுகிற மாதிரிதான் இருக்கும். அதனால் ஆறியதும் கையால் இழை இழையாகப் பிய்த்துக்கொள்வேன். இரும்பு வாணலியில் இரண்டு கரண்டி நல்லெண்ணெய் காயவைத்து, கடுகு, கறிவேப்பிலை, கீறின பச்சை மிளகாய் தாளித்து, கோழி இழைகளைப் பரப்பிவிட்டு, கிளறாமல் ஒரு நிமிடம் விட வேண்டும். அடியில் பட்ட ஓரம் பொன்னிறமாக முறுகும். திருப்பி இன்னொரு நிமிடம். நுணுக்கின ஏற்காட்டு மிளகும் வறுத்த சீரகமும் தூவி இறக்கினால் வாசனையிலேயே வேகவைத்த கோழி என்பது மறந்துபோகும். உப்பில்லாத சமையலில் ருசி முக்கால்வாசி இந்த முறுகலிலிருந்துதான் வருகிறது. எண்ணெயைப் பார்த்துப் பயப்பட வேண்டாம் என்று அப்பாவுக்குச் சொல்லியிருக்கிறார்கள். புரதத்தைக் குறைத்துவிட்டு மாவுச்சத்தும் கொழுப்பும் போதாமல் போனால் உடம்பு தன் சதையையே எரிக்க ஆரம்பித்துவிடுமாம்.

காய்க்கு வருவோம். இங்கேதான் சேலத்துக்காரி என்பது எனக்குக் கைகொடுத்தது. நம் ஊரில் சாலட் எப்போதோ இருக்கிறது. அதற்குத் தட்டுவடை செட் என்று பேர். சாயங்காலம் அம்மாப்பேட்டையிலோ குகையிலோ ஏதாவது ஒரு தள்ளுவண்டி முன்னால் நின்று பாருங்கள். உள்ளங்கையில் அடங்குகிற தட்டுவடை, அதன் மேல் சிவப்புச் சட்னி ஒரு இழுப்பு, பச்சைச் சட்னி ஒரு இழுப்பு, துருவின பீட்ரூட், கேரட், வெங்காயம் ஒரு பிடி, மேலே மூடி போல இன்னொரு தட்டுவடை. வாயில் போட்டால் நொறுங்கும், காரம் ஏறும், புளிக்கும், துருவல் ஈரமாகக் குளிர்ச்சி தரும். உப்பு அதில் ஒரு ஓரமாகத்தான் நிற்கிறது. இந்த வேலைகளையே கோழி சாலட்டும் செய்தால் அப்பா சாப்பிடுவார் என்று தோன்றியது. சாப்பிட்டார்.

ஆனால் செட்டை அப்படியே எடுக்க முடியாது. பீட்ரூட், கேரட் இரண்டிலும் 100 கிராமுக்கு 320 மில்லிகிராமை ஒட்டிப் பொட்டாசியம் இருக்கிறது. பீட்ரூட்டை விட்டுவிட்டேன். கேரட் நிறத்துக்காக ஒரு கரண்டி, அதுவும் துருவி வெந்நீரில் கொதிக்கவிட்டு வடித்தது. மீதியை முட்டைக்கோஸும் வெள்ளரியும் பார்த்துக்கொள்கின்றன. கோஸ் மெல்லிசாக நறுக்கிக் கொதிக்கிற நீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்தது 50 கிராம், தோல் சீவிய வெள்ளரி 50 கிராம், வெங்காயம் 25 கிராம், பேரிக்காய் அல்லது ஆப்பிள் 40 கிராம். சில நாள் கோஸுக்குப் பதில் வேகவைத்த சௌசௌ. அதில் பொட்டாசியம் இன்னும் குறைவு. எல்லாம் அஸ்தம்பட்டி உழவர் சந்தையில் காலையில் போனால் கிடைப்பவைதான். ஊறவைத்தாலே பொட்டாசியம் போய்விடும் என்று சிலர் சொல்வார்கள். பச்சைத் தண்ணீரில் ஊறுவதால் பெரிதாக ஒன்றும் இறங்காது. சிறிதாக நறுக்கி, நிறையத் தண்ணீரில் கொதிக்கவிட்டு வடித்தால்தான் நன்றாகக் குறையும்.

பச்சைச் சட்னிக்குப் புதினா, மல்லி, பச்சை மிளகாய், பூண்டு, எலுமிச்சைச் சாறு. பொட்டுக்கடலை போடுவதில்லை. மல்லித்தழையில் பொட்டாசியம் அதிகம்தான், ஆனால் ஒரு தட்டுக்கு நாம் போடுவது மூன்று நாலு கிராம். சிவப்புச் சட்னிக்கு ஊறவைத்த வரமிளகாய், பூண்டு, சின்ன வெங்காயத்தை அரைத்து நல்லெண்ணெயில் வதக்க வேண்டும். தக்காளியும் புளியும் கிடையாது. புளியில் பொட்டாசியம் நிறைய. எலுமிச்சை ஒரு கரண்டிக்கு அது ஒன்றுமே இல்லை. புளிப்பு முழுக்க எலுமிச்சையிலிருந்தே வரட்டும். இரண்டு சட்னியும் ஒரு மேசைக்கரண்டிக்கு மேல் வேண்டாம்.

மேலே நொறுங்குவதற்குத் தட்டுவடை வேண்டுமே. கடைத் தட்டுவடையில் உப்பும் கடலைப்பருப்பும் உண்டு. அம்மா அரிசி மாவில் வெண்ணெய், மிளகாய்த்தூள், கறிவேப்பிலை மட்டும் போட்டுச் சின்னதாகத் தட்டிப் பொரித்து டப்பாவில் வைத்துவிடுவார். பரிமாறும்போது ஒன்றை நொறுக்கித் தூவினால் போதும். பொரி தூவலாமே என்று கேட்பார்கள். கடைப் பொரியில் பெரும்பாலும் உப்பு ஏற்றியிருப்பார்கள், வாயில் போட்டுப் பார்த்து வாங்குங்கள்.

உப்பைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். அப்பாவுக்கு ஒரு நாளைக்கு 5 கிராம் உப்பு, அதாவது 2000 மில்லிகிராம் சோடியம். காலையில் அவரே பட்டறைத் தராசில் நிறுத்து ஒரு சின்ன டப்பாவில் போட்டு வைத்துவிடுவார். அவர் சாப்பாடு அனைத்தும் உப்பில்லாமல் சமைத்து, தட்டில் விழுந்த பிறகு அந்த டப்பாவிலிருந்து தூவிக்கொள்வது வழக்கம். சமையலோடு கரைந்த உப்பை விட மேலே தூவின உப்பு நாக்கில் சட்டென்று தெரியும், அதனால் குறைவாகவே போதுமாக இருக்கிறது. சாலட்டுக்கு அவர் ஒதுக்குவது அரை கிராம். ராத்திரிக்குள் டப்பா தீர்ந்துவிட்டால் தீர்ந்ததுதான். மனுஷன் கடன் கேட்டதில்லை.

இந்துப்பு என்றால் கிட்னிக்கு நல்லது என்று ஒரு நம்பிக்கை இருக்கிறது. கடைக்காரரே எடுத்துக் கொடுப்பார். அதுவும் சோடியம் குளோரைடுதான், சாதா உப்புக்கும் அதற்கும் சோடியத்தில் பெரிய வித்தியாசம் கிடையாது. ரோஸ் நிறத்தில் இருப்பதால் கூடுதலாகப் போடத் தோன்றும், அவ்வளவுதான். அதைவிட ஆபத்து 'லோ சோடியம்' என்று பெரிய எழுத்தில் போட்டு வருகிற உப்பு. அதில் சோடியத்தின் ஒரு பகுதியை எடுத்துவிட்டு அந்த இடத்தில் பொட்டாசியம் குளோரைடைச் சேர்த்திருப்பார்கள். பிரஷருக்கு நல்லது என்று சொந்தக்காரர் ஒருவர் அப்பாவுக்கு வாங்கி வந்திருந்தார். பிரஷர் மட்டும் உள்ளவருக்கு அது சரியாக இருக்கலாம், பொட்டாசியம் 5.7 வந்தவருக்குக் கொடுத்தால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். சோயா சாஸ் ஒரு மேசைக்கரண்டியில் 900 மில்லிகிராம் சோடியம். சிக்கன் 65 மசாலாப் பொடியில் உப்பு, அஜினோமோட்டோவிலும் சோடியம், அப்பளம், ஊறுகாய் சொல்லவே வேண்டாம்.

மயோனைஸ் போட்டால்தான் சாலட் என்று என் தம்பி வாதாடுவான். பச்சை முட்டையில் செய்த மயோனைஸுக்குத் தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரலில் ஓராண்டுத் தடை போட்டது. எதிர்ப்பு சக்தி குறைந்த கிட்னி நோயாளிகளுக்கு அது எப்போதுமே வேண்டாத வம்பு. எங்களுக்கு இரண்டு கரண்டி கெட்டித் தயிர் போதும். தயிரில் பாஸ்பரஸ் உண்டு என்பதால் இரண்டு கரண்டியோடு நிறுத்திக்கொண்டு அன்றைய மோரைக் குறைத்துவிடுவோம்.

அப்புறம் ஜவ்வரிசி. சேலத்தில் இருந்துகொண்டு இதைச் சொல்லாமல் விட்டால் தப்பு. ஆத்தூர் ரோட்டில் பஸ்ஸில் போனால் சேகோ ஃபேக்டரியின் புளித்த வாசம் மூக்கில் ஏறும். 1981-இல் தொடங்கிய சேகோசர்வ் கூட்டுறவு சங்கம் இங்கேதான் இருக்கிறது, 2023-இல் சேலம் ஜவ்வரிசிக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. அந்த ஜவ்வரிசி கிட்னி நோயாளிக்கு இவ்வளவு தோதான பொருள் என்று டயட்டீஷியன் சொல்லித்தான் எங்களுக்கே தெரிந்தது. மரவள்ளிக் கிழங்கில் 100 கிராமுக்கு 270 மில்லிகிராம் பொட்டாசியம் இருக்கிறது. அதை அரைத்துப் பாலெடுத்து, தண்ணீர் விட்டு அலசி, அடியில் தங்குகிற மாவை மட்டும் எடுத்து உருட்டுவதில் பொட்டாசியம் கிட்டத்தட்ட முழுக்க அந்தத் தண்ணீரோடு போய்விடுகிறது. ஜவ்வரிசியில் மிஞ்சுவது பத்துப் பன்னிரண்டு மில்லிகிராம்தான். புரதமும் இல்லை, பாஸ்பரஸும் இல்லை என்றே சொல்லலாம், ஆனால் 100 கிராமுக்கு 350 கலோரி தெம்பு. புரதத்தை ஏற்றாமல் வயிறு நிறைய வேண்டிய அப்பாவுக்கு இதைவிட வேறென்ன வேண்டும்.

சாலட்டில் சேர்க்க நடுத்தர ஜவ்வரிசியை அலசி, மூழ்கும் அளவு மட்டும் தண்ணீர் விட்டு மூன்று மணி நேரம் ஊறவைக்க வேண்டும். நசுக்கினால் மாவாக வர வேண்டும். வடித்து, இட்லித் துணியில் பரப்பிப் பத்து நிமிடம் ஆவியில் வைத்தால் கண்ணாடி மாதிரி ஆகிவிடும். சூடாகவே ஒரு கரண்டி எண்ணெய் விட்டு உதிர்த்துவிட்டால் ஒட்டாது. காய்ந்த கணக்கில் 30 கிராம் எடுத்தால் ஒரு தட்டுக்குத் தாராளம். ஜவ்வரிசி வடகம் வேறு விஷயம், அதில் உப்பு உண்டு.

சித்தப்பாவுக்குச் சர்க்கரை இருப்பதால் ஜவ்வரிசி ஒரு கரண்டிக்கு மேல் கிடையாது, பழமும் பாதிதான். அவர் தட்டில் கவனிக்க வேண்டியது வேறு. பாஸ்பரஸைக் கட்டுப்படுத்த அவருக்குக் கொடுத்திருக்கிற மாத்திரையைச் சாப்பாட்டோடு போட வேண்டும். சாப்பிட்டு முடித்து ஒரு மணி நேரம் கழித்துப் போட்டால் அது பிடித்துக்கொள்ள வேண்டிய பாஸ்பரஸ் அங்கே இருக்காது. அதனால் சித்தி தட்டின் ஓரத்திலேயே மாத்திரையை வைத்துவிடுகிறார். இன்னொன்று தாகம். தண்ணீருக்கு அவருக்கு அளவு உண்டு. வெள்ளரியின் நீரும் அந்தக் கணக்கில் சேரும். உப்பு ஏறிய நாளில் தண்ணீர் கேட்டுத் தவிப்பார், சாலட் நாளில் அவ்வளவு கேட்பதில்லை. ஃப்ரீசரில் வைத்த திராட்சை நாலைந்தை ஒவ்வொன்றாக வாயில் அடக்கிக்கொள்ளக் கொடுத்தால் நன்றாகத் தாங்குகிறார். சர்க்கரை திடீரென்று இறங்கினால் ஆரஞ்சு ஜூஸும் இளநீரும் வேண்டாம், சர்க்கரைத் தண்ணீரோ குளுக்கோஸோ கொடுங்கள் என்றும் சொல்லியிருக்கிறார்கள்.

ஏப்ரல், மே வெயிலில் கலந்த சாலட்டை ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்காதீர்கள். கோழி, ஜவ்வரிசி, காய் மூன்றையும் தனித்தனியாக ஃபிரிட்ஜில் வைத்து, சாப்பிடும் நேரத்தில் சட்னி விட்டுக் கலந்தால் கோஸும் தண்ணீர் விடாது. கிட்னி மாற்று அறுவை செய்துகொண்டவர்கள் பச்சைக் காயையே டாக்டரைக் கேட்டுத்தான் தொட வேண்டும்.

கடைசியாக ரத்தப் பரிசோதனை. வெந்த இறைச்சி சாப்பிட்டால் கிட்னி எப்படி வேலை செய்கிறது என்று பார்க்க ரத்தத்தில் அளக்கிற கிரியேட்டினின் சில மணி நேரத்துக்குக் கொஞ்சம் ஏறிக் காட்டும்; கிட்னி கெட்டதால் வருவது அல்ல, கறியில் இருந்தே வருவது. அப்பா அந்தக் கூடுதல் புள்ளியைப் பார்த்துவிட்டு ஒரு வாரம் தூங்க மாட்டார். அதனால் டெஸ்டுக்கு முந்தின நாள் அவருக்குக் கோழி கிடையாது, நாமக்கல் முட்டையின் வெள்ளைக்கரு மட்டும். ஒரு வெள்ளைக்கருவில் மூன்றரை கிராம் புரதம், பாஸ்பரஸ் ஏறக்குறைய பூஜ்யம். டயாலிசிஸில் இருக்கிற சித்தப்பாவுக்கு இந்த விதி இல்லை, அவருக்கு அன்றைக்கும் 140 கிராம் உண்டு. அந்த ஒரு நாள் மட்டும் அண்ணனையும் தம்பியையும் ஒன்றாகச் சாப்பிட உட்கார வைப்பதில்லை. சித்தப்பாவுக்கு மாடியிலேயே பரிமாறிவிடுகிறோம்.